படித்துப் பார்த்தே கையெழுத்திட்டார்

நெரவிப் பக்கம் ஆற்றுக்கரை உடைந்த மழையில், கரையை அடைக்கச் சவுக்குக் கழிகள் என் கிடங்கிலிருந்துதான் போயின. வீட்டுக்காரர் இறந்த பிறகு அந்தக் கிடங்கை நான்தான் நடத்துகிறேன். பொதுப்பணித் துறை ஆபீசில் எழுத்தாகவே ஆர்டர் கொடுத்தார்கள். அவர்களுடைய இன்ஜினீயரே மழையில் நின்று கழிகளை எண்ணி, தங்கள் அளவுப் புத்தகத்தில் ஏற்றினார். பணம் மட்டும் பாதிதான் வந்தது. மீதியை வாங்கித்தான் விழிதியூர்த் தோப்புக்காரருக்கு நான் கொடுக்க வேண்டும். கடனுக்குக் கழி கொடுத்த மனிதர் அவர். ஒரு நாளும் வாய் திறந்து கேட்கவில்லை. அதுதான் என்னை உட்கார விடாமல் அடித்தது.

ஆபீசுக்கு நடந்து அலுத்துப் போய், தருமபுரத்தில் இருக்கும் வக்கீல் பெண்ணிடம் போனேன். சென்னை ஹைகோர்ட்டில் ரிட் மனு போடலாம் என்றாள். அங்கே சாட்சியைக் கூப்பிட்டு விசாரிக்க மாட்டார்களாம், காகிதம்தான் பேச வேண்டுமாம். ஆபீஸ் ஒத்துக்கொண்ட பாக்கி என்றால் கொடுக்கச் சொல்வார்கள், தகராறு என்றால் சிவில் கோர்ட்டுக்குப் போகச் சொல்லிவிடுவார்கள் என்றாள். அளவுப் புத்தகம் இருக்கிறதே என்று தைரியமாக இருந்தேன்.

ஆபீசின் பதில் மனு வந்தது. பாதிப் பணம் வாங்கிய அன்று, மொத்தமும் பெற்றுக்கொண்டேன், இனிப் பாக்கி இல்லை என்று நான் எழுதிக் கொடுத்திருக்கிறேனாம். மூக்குக் கண்ணாடி போட்டு, முழுவதும் படித்துப் பார்த்தே கையெழுத்திட்டார் என்று, அன்று பணம் கொடுத்த கிளார்க் அதில் சொல்லியிருந்தார்.

"அந்தக் காகிதத்தைப் படிச்சீங்களாம்மா?" என்றாள் வக்கீல்.

"கண்ணாடி போட்டேன்."

"போட்டீங்க. படிச்சீங்களா?"

நான் சுவரில் இருந்த காலண்டரைப் பார்த்தேன். பஸ் போர்டு எழுத்துக் கூட்டிப் படிப்பேன். என் பெயரை எழுதுவேன். ஆபீஸ் காகிதம் எனக்கு எறும்பு வரிசை. கிளார்க் பொய் சொல்லவில்லை. அன்று கண்ணாடியைப் போட்டு, வரிக்கு வரி விரலை நகர்த்தி, தலையையும் ஆட்டினேன். ஊரே என்னைப் படித்தவள் என்று நினைத்திருக்கிறது, அதை நான் கலைத்ததில்லை. வக்கீலிடம்தான் முதல் தடவை சொன்னேன்.

"இத முதல்லயே சொல்லியிருக்கலாமேம்மா."

"நீ கேட்டியா?"

எனக்குப் படிக்கத் தெரியாது என்று பதிலுக்கு ஒரு பிரமாணப் பத்திரம் போட வேண்டும், அதை எனக்குப் படித்துக் காட்டியதாகக் கீழே ஒரு வரியும் இருக்கும் என்றாள். யோசித்துச் சொல்கிறேன் என்று எழுந்து வந்துவிட்டேன். இரண்டு நாள் வாசலுக்கும் அடுப்படிக்கும் நடந்தேன். கடைசியில் மருமகளிடம் சொன்னேன். அவள் மீன் கழுவிக்கொண்டிருந்தாள், நிமிரவில்லை.

"அத்தை, கோயில்ல நாலு பாட்டுக்கும் புத்தகத்துல ஒரே பக்கத்தப் பாத்துட்டே பாடுறீங்க. நான் வந்த வருஷமே தெரியும். போய்க் கையெழுத்துப் போடுங்க."

போட்டேன். வக்கீல் உரக்கப் படித்தாள், வெளியே பெஞ்சில் இருந்தவர்களுக்கும் கேட்டது. கேட்கட்டும் என்று இருந்தேன்.

அப்புறம் மாதக்கணக்கில் வாய்தா. ஒரு வழியாக உத்தரவு வந்தது. அளவுப் புத்தகத்தை வைத்துக்கொண்டு, என்னையும் கூப்பிட்டுக் கேட்டு, பாக்கியை ஆபீசே முடிவு செய்ய வேண்டும் என்று கெடுவும் வைத்திருந்தார்கள். வக்கீல் நல்ல உத்தரவு என்றாள். பணம் இன்னும் கைக்கு வராமல், தோப்புக்காரரிடம் அதை எப்படிச் சொல்வது என்று எனக்குத் தெரியவில்லை.

ஆபீசில் ஒரு தடவை கூப்பிட்டுக் கேட்டார்கள். கெடு முடிய நாலு நாள் இருக்கும்போது மறுபடி கூப்பிட்டார்கள். அதே கிளார்க், அதே மேசை. மீதியில் ஒரு பகுதியை மட்டும் கொடுக்க உத்தரவாகியிருப்பதாகச் சொல்லி, கையெழுத்துக்கு ஒரு காகிதத்தை நகர்த்தினார். என் கை தானாகக் கண்ணாடிக் கூட்டுக்குப் போனது. கூட்டைத் திறக்காமலே மடியில் வைத்தேன்.

"படிங்க தம்பி, கேட்டுக்கிறேன்."

சுற்றி எல்லோரும் திரும்பினார்கள். அவர் படித்தார். மூன்றாவது வரியில் குரல் தணிந்தது. மொத்தமும் பெற்றுக்கொண்டேன், இனிப் பாக்கி இல்லை.

"அந்த வரிய எடுத்துட்டுக் கொண்டாங்க," என்றேன். "உக்காந்திருக்கேன்."