மரத்துக்காகப் பேசியவள்

வருஷத்தில் ஒரே ஒரு காலைப் பொழுது கினுயோ மரமாக இருப்பாள். மற்ற நாளெல்லாம் தோகுஜியின் மனைவி.

ஜனவரி நடுவில் வரும் சின்னப் புத்தாண்டு அன்று தோகுஜி கோடரியோடு கொல்லைக்குப் போவார். பெர்சிமன் பழமரத்தின் முன்னால் காலை அகட்டி நின்று, "காய்ப்பியா, மாட்டியா? மாட்டேன்னா வெட்டிப்புடுவேன்!" என்று அதட்டுவார். மரத்துக்குப் பின்னால் பனியில் குந்தியிருக்கும் கினுயோ, "காய்க்கிறேன், காய்க்கிறேன்" என்று மரத்தின் சார்பில் கெஞ்சுவாள். பட்டையில் லேசாக ஒரு கொத்து. கொத்திய இடத்தில் ஒரு கரண்டி சிவப்புப் பயறுக் கஞ்சி. மீதிக் கஞ்சி மனிதர்களுக்கு. அந்த மலையடிவார ஊரில் பழமரம் உள்ள வீடெல்லாம் இப்படித்தான். மிரட்டி வைக்காவிட்டால் மரத்துக்குத் திமிர் ஏறிவிடும் என்பது ஊரார் எண்ணம். மருமகள்களைப் பற்றியும் அவர்களுக்கு அதே எண்ணம் இருந்தது.

கினுயோ கல்யாணமாகி வந்த புதிதில், இதே நாளில், மாமியார் ஒரு குச்சியால் அவள் இடுப்பில் தட்டி இதே கேள்வியைக் கேட்டார். அதுவும் வழக்கம்தான். மாமியார் சிரித்துக்கொண்டே கேட்க, மருமகளும் சிரித்துக்கொண்டே "காய்க்கிறேன்" என்றாள். சில வருஷத்தில் சிரிப்பு நின்றது. அப்புறம் தட்டுவதும் நின்றது. குழந்தை பிறக்கவில்லை. மாமியார் போய்ச் சேர்ந்த பிறகு மரத்துக்குக் குரல் கொடுக்கும் வேலை கினுயோவிடம் வந்தது. அந்த மரத்தின் மேல் அவளுக்கு உயிர். அதை அவள் யாரிடமும் சொன்னதில்லை, யாரும் கேட்டதும் இல்லை.

போன இலையுதிர் காலத்தில் மரம் வெறிபிடித்ததுபோல் காய்த்துத் தள்ளியது. எட்டியதைப் பறித்துத் தோல் சீவி, கயிற்றில் கோத்துக் கூரையோரம் உலரத் தொங்கவிட்டார்கள். உச்சிக் கிளைக்கு ஏற தோகுஜியின் முட்டி இடம் கொடுக்கவில்லை. மேலே மிஞ்சியதைத் தின்னக் கரடி வந்தது. விருந்துக்கு வந்த சம்பந்தி மாதிரி கிளையில் சாய்ந்து உட்கார்ந்து, நன்றாகக் கனிந்ததாகப் பார்த்துத் தின்றது. வீட்டில் இருந்த இருவரும் கதவைச் சாத்திக்கொண்டு அது கிளம்பக் காத்திருந்தார்கள். மறுநாள் ஊராட்சியின் ஒலிபெருக்கி வண்டி வந்து, கரடி வராமலிருக்கப் பறிக்காத பழமரங்களை வெட்டிவிடும்படி ஊருக்கே சொல்லிவிட்டுப் போனது.

தோகுஜி தன் முடிவுகளை சூப் கிண்ணத்தைப் பார்த்துத்தான் அறிவிப்பார். "பனி உருகினதும் ஷிமுரா வந்து மரத்த வெட்டுறான். பேசியாச்சு."

"சரிங்க" என்றாள் கினுயோ. தன் கிண்ணத்தைப் பாதியில் கீழே வைத்தாள்.

ஆனால் தோகுஜிக்கு ஒரு சிக்கல் இருந்தது. அவர் வாக்குத் தவறாத மனிதர். சின்னப் புத்தாண்டுக்கு முந்தின நாள் கோடரியைத் துடைத்தபடி, "நாளைக்கு மாட்டேன்னு சொல்லிடு" என்றார்.

"என்னதுங்க?"

"காய்க்க மாட்டேன்னு சொல்லு. காய்க்கிறேன்னு சொன்ன மரத்த வெட்டினா எனக்குத் தூக்கம் வருமா?"

"சரிங்க."

மறுநாள் காலை, எப்போதும்போல் பக்கத்துப் பாலர் பள்ளிக் குழந்தைகளை அவர்களுடைய ஆசிரியை நட்சுமி வேடிக்கை பார்க்கக் கூட்டி வந்தாள். தோகுஜி கோடரியைத் தூக்கினார். ஹினா என்ற வாண்டு குறுக்கே புகுந்து கேட்டது: "தாத்தா, அதான் ஏற்கெனவே செத்துப்போச்சே, அத எதுக்கு வெட்டணும்?"

மரத்துக்குப் பின்னாலிருந்து குரல் வந்தது. "நான் சாகல. தூங்குறேன்."

மரம் ஒரு கேள்விக்குத்தான் பதில் சொல்லும் என்பது முறை. குழந்தைகளுக்கு முறை தெரியாது, சூழ்ந்துகொண்டார்கள்.

"குளிருக்கு நாங்கெல்லாம் கோட்டு போட்டிருக்கோம். நீ மட்டும் ஏன் எல்லாத்தையும் அவுத்துப் போட்டுட்டே?"

"இலை இருந்தா அது மேல பனி உக்காரும். பாரத்துல கிளை முறிஞ்சிடும். தரை உறைஞ்சு கிடக்கையில இலைக்கெல்லாம் யாரு தண்ணி தர்றது? அதனால குளிர் வர்றதுக்கு முன்னாடியே இலையில இருக்கிற சத்த உள்ள இழுத்து வெச்சுக்குவேன். பச்ச போயி மஞ்சளும் சிவப்புமா ஆகும். காம்ப அடைச்சிடுவேன். விழுந்துடும்."

"வலிக்குமா?"

"பழகிடுச்சு."

"புது இலை எப்ப வாங்குவே?"

"வாங்க வேணாம், இப்பவே இருக்கு. கிளையில முடிச்சு முடிச்சா தெரியுது பாரு, அதுக்குள்ள மடிச்சு வெச்சிருக்கேன். செர்ரி மரமெல்லாம் பூத்து ஆட்டம் போட்டு முடிச்சப்புறம்தான் நான் கண்ணு முழிப்பேன். அப்புறம் இலைக்கு அடியில, யாருக்கும் தெரியாம பூப்பேன். கோடையில பிஞ்சு விடும். தாங்க முடியாதத உதுத்துட்டு மீதிய வளப்பேன்."

"போதும் போதும்" என்றார் தோகுஜி. "மரம் இவ்ளோ பேசாது."

"இது பேசுமே!" என்றாள் ஹினா.

தோகுஜி தொண்டையைச் செருமினார். "காய்ப்பியா, மாட்டியா? மாட்டேன்னா வெட்டிப்புடுவேன்!"

"மாட்டேன்."

நட்சுமி, கோடரியைப் பார்த்துவிட்டுக் குழந்தைகளை ஓரடி பின்னால் இழுத்தாள். தோகுஜியின் முகத்தில் நிம்மதி பரவியது. பரவி முடிப்பதற்குள் மரம் தொடர்ந்தது.

"இந்த வருஷம் மாட்டேன். போன வருஷம் அவ்வளவு காய்ச்சேன்ல, களைச்சுப்போச்சு. ஒரு வருஷம் கொட்டினா மறு வருஷம் நான் ஓஞ்சு உக்காருவேன், அது என் சுபாவம். பழம் இல்லேன்னா கரடிக்கு இங்க என்ன வேலை? உச்சிக் கிளைய மட்டும் கழிச்சு விடுங்க. அதுக்கடுத்த வருஷம் கைக்கு எட்டுற உயரத்துல காய்க்கிறேன்." குரல் கொஞ்சம் உடைந்தது. "ஒரு வருஷம் காய்க்கலேன்னா வெட்டிப்புடுறதா? காய்க்கவே காய்க்காதவளையும் வீட்டுல வெச்சுச் சோறு போடுறீங்கள்ல?"

நட்சுமி தலையைக் கவிழ்த்துக்கொண்டாள். தோகுஜி கோடரியைப் பிடித்தபடி நின்றார். இத்தனை வருஷத்தில் அந்தப் பேச்சைக் கணவனும் எடுத்ததில்லை, மனைவியும் எடுத்ததில்லை.

"தாத்தா, அது லீவுதானே கேக்குது, குடுங்களேன்" என்றாள் ஹினா.

கொத்து விழவில்லை. கஞ்சியை மட்டும் தோகுஜி பட்டையில் தடவினார். பாதி பனியில் விழுந்தது. குழந்தைகள் ஆளுக்கொரு கிண்ணம் குடித்துவிட்டு, மரத்துக்கு டாட்டா காட்டிப் போனார்கள்.

கினுயோ பின்னாலிருந்து எழுந்து வந்தாள். பாவாடை முழங்கால் வரை நனைந்திருந்தது. சொன்னதை நினைத்து அவளுக்குப் பயமாக இருந்தது. சொன்னதற்காக வருத்தமில்லை. தோகுஜி அவள் முகத்தைப் பார்க்காமல் உள்ளே போனார். அவள் அடுப்படிக்குப் போய்ப் பானையைக் கழுவத் தொடங்கினாள். கூடத்தில் அவர் தொலைபேசியில் பேசுவது கேட்டது.

"ஷிமுராவா? மரத்த அடியோட வெட்ட வேணாம்ப்பா. மேல் கிளைய மட்டும் கழிச்சு விட்டாப் போதும். ஏன்னா, மரம் வந்து..."

நிறுத்தினார். கினுயோ தண்ணீர்க் குழாயை மூடினாள்.

"மரம் இல்ல. என் பொண்டாட்டி வேணாங்கிறா."

அந்தப் பக்கம் ஷிமுரா ஏதோ கேட்டான்.

"பேசுவா, பேசுவா" என்றார் தோகுஜி. "நான்தான் கேட்டுக்கல."