மேனுகா நேரே கேட்டாள்

மேனுகாவின் தம்பி அபிஷன் தற்கொலை செய்துகொண்டதை அவர்களுடைய கொழும்பு வெள்ளவத்தை வீட்டில் ஒருவரும் வாய்விட்டுச் சொல்லவில்லை. செத்தவீட்டில் அப்பா இரத்தினசிங்கம் "ஹார்ட் அற்றாக்" என்றார். பிறகு அதுவே எல்லாருக்கும் சொல்லும் கதையாயிற்று. கொஞ்ச நாளில் அவன் பேரும் வீட்டில் எழாமல் போயிற்று.

மேனுகாவுக்கு வீட்டில் இருப்புக்கொள்ளவில்லை. கிருலப்பனையில் ஒரு கட்டடக்கலைஞரின் கந்தோரில் கொம்பியூட்டரில் வரைபடம் கீறுவது அவள் வேலை. சனிக்கிழமைகளில் பென்சிலும் தாளுமாகக் கோட்டை ஸ்டேஷனுக்குப் போய், வருகிற ரயிலில் ஏறி, கண்டதையெல்லாம் கீறத் தொடங்கினாள். அடிமட்டமும் இல்லை, அழிறப்பரும் இல்லை. பெட்டி ஆடினால் கோடும் ஆடும். ஆடட்டும் என்று விட்டாள். தண்டவாளத்தோரம் உடுப்புக் காயப்போடும் பெண், யன்னல் சீற்றுக்குச் சண்டை பிடிக்கும் தாயும் மகளும். கீறுவதென்றால் பார்த்தாகவேண்டும். இவ்வளவு காலமும் பார்க்காமலே போய்வந்திருக்கிறோம் என்று அப்போதுதான் அவளுக்கு உறைத்தது.

ஒருநாள் பதுளை ரயிலில் கை தானாக அபிஷனைக் கீறியது. கடைசி நாள் முகமல்ல. பகிடி விட்டுத் தானே முதலில் சிரிக்கும் முகம். எதிரே இருந்தவள் நிஷாந்தி. கொட்டாஞ்சேனையில் புடைவைக்கடையில் வேலை, லீவில் ஹட்டனுக்குப் போகிறாள். எட்டிப் பார்த்தாள்.

"யாருங்க இது?"

"என்ர தம்பி. தற்கொலை செய்து செத்தவன்."

வாயிலிருந்து வந்தபின்தான் சொல்லிவிட்டது தெரிந்தது. நிஷாந்தி முகத்தைத் திருப்பவில்லை. "ஐயோ... பேரு என்னங்க?" என்றாள். ஹட்டன் வரும்வரை அபிஷன் கதைதான். அழுகையும் வந்தது, சிரிப்பும் வந்தது.

வீடு திரும்பியதும் சொன்னாள்: "இனி ஆர் கேட்டாலும் நான் உண்மையைத்தான் சொல்லுவன் அப்பா."

"ஊர் சிரிக்கும்."

"அவன் ஒரு குற்றமும் செய்யேல்லை. அவனுக்கு வருத்தம், காய்ச்சல் மாதிரி அதுவும் ஒரு நோய். மறைச்சு மறைச்சு நாங்கள்தான் அவனை இல்லாமல் ஆக்கிறம்."

இரத்தினசிங்கம் பேப்பரை உதறிவிட்டு எழும்பிப் போனார். ஒரு கிழமை அவளோடு முகங்கொடுத்துக் கதைக்கவில்லை. அவள் அசையவில்லை. மாமிக்குச் சொன்னாள், பக்கத்து ஃபிளாட்டுக்குச் சொன்னாள், கந்தோரிலும் சொன்னாள்.

கந்தோரில் கிஷாந்த் என்றொருவன். எதற்கெடுத்தாலும் "நான் இருந்தென்ன, விட்டென்ன" என்பான், மற்றவர்கள் சிரிப்பார்கள். அபிஷன் இதுபோலச் சொன்னபோது வீட்டிலும் அப்படித்தான் சிரித்தார்கள். ஒரு மத்தியானம் தனியே சாப்பிட்டுக்கொண்டிருந்தவனுக்குப் பக்கத்தில் போய் இருந்து, நேரே கேட்டாள்.

"கிஷாந்த், செத்துப்போகவேணும் எண்டு யோசனை வருதா?"

அவன் கரண்டியை வைத்தான். "ஓம் அக்கா. கொஞ்ச நாளா."

அவள் புத்தி சொல்லவில்லை. அவன் சொல்லி முடிக்கும்வரை கேட்டாள். பிறகு, "இதைத் தனியச் சுமக்காதை. இண்டைக்கே டொக்டரிட்டப் போவம், நானும் வாறன்" என்றாள். அவன் முன்னாலேயே அவனுடைய அக்காவுக்குப் போன் எடுத்தாள். மூவருமாகப் போனார்கள்.

கிளினிக்குக்கு இன்னும் போய்வருகிறான். நல்ல நாளும் உண்டு, கூடாத நாளும் உண்டு. கூடாத நாளில் அவனே அவள் மேசைக்கு வந்து, "அக்கா, இண்டைக்குச் சரியில்லை" என்பான். மேனுகா கையிலிருக்கும் வேலையை விட்டுவிட்டு எழும்புவாள்.