ஊலி மொழியில் 'இல்லை'

சென்னைக்கு ட்ரங்க் கால் பதிவு செய்ய அச்சகத்தில் தொலைபேசியை எடுத்தேன். எக்ஸ்சேஞ்சில் இருந்த பெண் எண்ணைக் கேட்கவில்லை. "நீங்க தெப்பக்குளம் பிரஸ் சார்தானே? கோமளா மேடம் இன்னிக்குக் காலையில தவறிட்டாங்க சார்" என்றாள். எனக்குச் சென்னை எண் மறந்துபோயிற்று. ரிசீவரை வைத்துவிட்டு அவர் வீட்டுக்கு ஸ்ரீரங்கம் பஸ் ஏறினேன்.

உங்களில் பலருக்குக் கோமளா என்றால் தெரியாது. ஐம்பதுகளில் எங்கள் சிறுவர் மாத இதழில் மேகத்தீவுத் தொடர்கதை எழுதிய 'மேகதாசன்' என்றால் தெரியும். அவரை மீசை வைத்த ஆசாமி என்று நினைத்திருந்தவர்கள் மன்னிக்கவும். பிழைப்புக்கு டெலிபோன் எக்ஸ்சேஞ்ச். மிச்ச நேரமெல்லாம் ஊலியர். மேகத்தின் மேல் ஒரு தீவில் குடியிருந்த ஜனங்கள் அவர்கள். அவர்கள் பேசிய பாஷை ஊலி. இலக்கணம், வசவு, தாலாட்டு எல்லாம் கோமளாவே உண்டாக்கினார்.

நான் அந்த இதழுக்குப் புரூஃப் பார்ப்பவன். வித்துவான் படித்த திமிர் வேறு. முதல் அத்தியாயத்தில் 'ஊலியர்' என்பது எழுத்துப்பிழை என்று நானாகத் தீர்மானித்து, எல்லா இடத்திலும் 'ஊழியர்' ஆக்கிவிட்டேன். "ஊழியர்கள் மேகத்தின் மேல் வரிசையாக நடந்தார்கள்" என்று இதழ் வெளிவந்தது. மறுநாளே கோமளா அச்சகத்துக்கு வந்துவிட்டார்.

"என் ஜனங்களை ஆபீசுக்கு அனுப்பிட்டேளே சார்!" என்று விழுந்து விழுந்து சிரித்தார். நான் அன்றைக்கு ஊலி படிக்க உட்கார்ந்தவன்தான்.

அந்த மொழியில் 'இல்லை' கிடையாது. கோமளா வீட்டில் அரிசி தீர்ந்தால் அவர் அம்மா "அரிசி நிறைஞ்சிருக்கு" என்பாராம். வீட்டில் இல்லை என்ற சொல் புழங்கக் கூடாது. அதை அப்படியே ஊலியருக்கும் கொடுத்திருந்தார். எது தீர்ந்தாலும் 'பலூமி', நிறைந்தது. கேட்டதற்குச் சம்மதம் என்றாலும் அதே 'பலூமி'தான்.

"அப்போ முடியாதுன்னு எப்படிங்க சொல்வாங்க?" என்று கேட்டேன்.

"சொல்ல மாட்டா சார். எங்காத்துல மட்டும் யார் சொல்றா?" என்றார்.

ஒரு சமயம் மண்ணச்சநல்லூரிலிருந்து ரைஸ்மில் குமாஸ்தா ஒருவர் ஊலியிலேயே கடிதம் எழுதியிருந்தார். வரிக்கு இரண்டு பிழை. நான் சிவப்புப் பேனாவை எடுத்ததும் கோமளா பிடுங்கிக்கொண்டார். "தப்பாப் பேச ஆள் வந்தாச்சு. இனிமேதான் சார் இது பாஷை!" என்றார். அன்று அவருக்கு இருந்த சந்தோஷத்தை நான் பிறகு எந்த எழுத்தாளரிடமும் பார்க்கவில்லை.

கதை உச்சத்துக்கு வந்தது. கீழே பூமியில் இருந்த அரசன் தீவைக் கேட்டு ஆள் அனுப்பிவிட்டான். ஊலியரின் ராணி பதில் சொல்ல வேண்டும். இரண்டு மாதம் அத்தியாயமே வரவில்லை. காரணம் வீட்டில் இருந்தது. கோமளாவின் அண்ணா ஒரு வரன் பார்த்திருந்தார். பிள்ளை வீட்டார் வேலையையும் எழுத்தையும் விட்டுவிடச் சொன்னார்கள். முப்பது வயதுவரை அண்ணாவை எதிர்த்து ஒரு வார்த்தை பேசியறியாதவர் கோமளா.

பிறகு கடைசி அத்தியாயத்தின் கையெழுத்துப்படி வந்தது. கடைசி வரியில் ராணி எழுந்து நின்று 'ஞெட்' என்கிறாள். அவ்வளவுதான். ஊலியில் அப்படி ஒரு சொல்லே கிடையாதே! எக்ஸ்சேஞ்சுக்கு ஒரு போன் போட்டுக் கேட்டிருக்கலாம். எனக்குத் தெரியாத ஊலியா என்ற நினைப்பு. கை தவறி எழுதியிருக்கிறார் என்று 'பலூமி' ஆக்கி அனுப்பினேன். ராணி தீவைத் தூக்கிக் கொடுத்துவிட்டாள். பிள்ளைகள் அழுது அழுது கடிதம் எழுதினார்கள்.

இந்த முறை கோமளா சிரிக்கவில்லை. இதழை என் மேஜைமேல் வைத்தார். "அது நான் எனக்காக உண்டாக்கின வார்த்தை சார். மூணு வாரம் எழுதி எழுதிப் பார்த்துண்டேன்" என்றார்.

வரன் என்ன ஆயிற்று என்று கேட்டேன்.

"நீங்க அச்சுலதானே மாத்தினேள்? அண்ணாகிட்ட முந்தாநாள் மாட்டேன்னுட்டேன். தமிழ்லயே சொன்னேன்."

அடுத்த இதழில் திருத்தம் போட இடம் ஒதுக்கிவைத்தேன். அடுத்த இதழே வரவில்லை, பத்திரிகை நின்றுபோயிற்று. கோமளா கடைசிவரை எக்ஸ்சேஞ்சில் இருந்தார். ட்ரங்க் கால் கேட்கும்போதெல்லாம் அவரோடு பேசியிருக்கிறேன். ஒருமுறைகூட அதைக் குத்திக்காட்டியதில்லை. திட்டியிருந்தால் மனசு ஆறியிருக்கும்.

அவர் நினைவாக என்னிடம் இருப்பது அந்தக் கடைசித் தாள். 'ஞெட்' மேல் என் சிவப்புக் கோடு இன்னும் மங்கவில்லை. யாருடைய சொல்லையும் எழுதியவரைக் கேட்காமல் நான் இப்போது அடிப்பதில்லை. அதுவும் கோமளா கொடுத்ததுதான். அன்று பிள்ளைகளாக இருந்து, ராணி பணிந்துவிட்டாள் என்றே இன்றுவரை நம்பிக்கொண்டிருக்கும் உங்களுக்காக, பல வருஷம் தாமதமாக இதை அச்சேற்றுகிறேன்.

திருத்தம்: மேகத்தீவு, கடைசி அத்தியாயம், கடைசி வரி. 'பலூமி' என்பதை 'ஞெட்' என்று திருத்தி வாசிக்கவும். தீவு கொடுக்கப்படவில்லை.