கையால் போட்ட கண்ட்ரோல் பேனல்

செஞ்சி பஸ் ஸ்டாண்டுக்கு எதிரே ஜெராக்ஸ் கடை வைத்திருப்பவனுக்கு லினக்ஸ் எதற்கு என்று கேட்டவர்கள் உண்டு. ஊரில் ஒரு கல்யாண மண்டபத்தின் வெப்சைட்டை நான்தான் பார்த்துக்கொள்கிறேன். முகூர்த்த நாளில் மண்டபம் காலியா என்று ஜனங்கள் அதில்தான் பார்ப்பார்கள். அது இருந்த பழைய சர்வரை, சைட்டுகளுக்கு இடம் கொடுக்கும் ஹோஸ்டிங் கம்பெனி ஒரு நாள் சாயங்காலம் ஆறு மணிக்கு மூடுவதாக இருந்தது. அன்று காலை கம்பெனிக்குப் போன் போட்டு, வாடகைக்குத் தனி லினக்ஸ் சர்வர் எடுத்து, சைட்டு, மெயில் எல்லாவற்றையும் ஒரே திரையில் பார்த்துக்கொள்ளும் ஓப்பன் சோர்ஸ் பேனலை நானே போட்டுக்கொள்கிறேன் என்றேன்.

"கையால இன்ஸ்டால் பண்றதெல்லாம் உங்களால முடியாது சார்," என்றார் கம்பெனியின் சப்போர்ட்டில் பேசியவர்.

முடியாதா? போனை வைத்துவிட்டேன்.

வழிமுறை முழுவதையும் பிரிண்ட் எடுத்து, ஒவ்வொரு கட்டளையாக டைப் செய்து, பேனாவால் டிக் அடித்தேன். பதினொரு மணிக்கு நான் விஞ்ஞானி. ஒரு மணிக்குப் பேனல் டேட்டாபேஸ் பாஸ்வேர்டைக் கேட்டது. எந்தப் பாஸ்வேர்டு? யார் கொடுத்தார்கள்? எதை அடித்தாலும் சிவப்பு எழுத்தில் திட்டியது. நான் நெட் கனெக்‌ஷன் கொடுத்த கேபிள்காரரைத் திட்டினேன். ஃபேனுக்கு அடியிலேயே சட்டை நனைந்தது. மண்டபத்துக்காரரிடம் சொல்ல மூன்று பொய்களை ஒத்திகை பார்த்தேன். மூன்றிலும் எனக்குக் காய்ச்சல்.

சாப்பாட்டுத் தட்டோடு வந்த மனைவி என்னை ஏற இறங்கப் பார்த்தாள்.

"இன்னா மாமா, மூஞ்சி வெளுத்துப் போயிருக்குது? அந்த சப்போர்ட்டுக்கே போன் போடேன்."

"செத்தாலும் போட மாட்டேன்."

"சாவறதுக்கு முன்னாடி சாப்டு." தட்டு வைக்கத் தாள்களை ஒதுக்கியவள் ஒன்றைத் திருப்பிப் பார்த்தாள். "பின்னாடியும் பிரிண்ட் இருக்குதே, இதுல ஒரு டிக்கையும் காணோம்?"

பேப்பர் மிச்சமாகட்டும் என்று எதையும் இரண்டு பக்கமும் எடுத்தே பழகிய கை. அன்றும் அப்படியே எடுத்துவிட்டு, பதற்றத்தில் முன்பக்கங்களை மட்டும் செய்திருக்கிறேன். டேட்டாபேஸையே உண்டாக்காமல் அதன் பாஸ்வேர்டைத் தேடியிருக்கிறேன்!

"கடைக்கு வர்றவங்களுக்கெல்லாம் 'பின்பக்கமும் வேணுமா'ன்னு கேக்கற ஆளு," என்று சிரித்தாள்.

சர்வரை அழித்து முதலிலிருந்து ஆரம்பித்தேன், தாளைத் திருப்பித் திருப்பி. நாலே முக்காலுக்கு லாகின் பக்கம் திறந்தது. ஐந்தரைக்கு முகூர்த்தத் தேதிகளோடு மண்டபத்தின் சைட்டு என் சர்வரில் வந்து நின்றது.

மறுநாள் இன்னொரு சர்வர் எடுத்து அதே பேனலை மறுபடி போட்டேன்.

"இன்னா, அது கெட்டுப் போச்சா?" என்றாள்.

கெடவில்லை. ஒரு தடவை முடிந்தால் அதிர்ஷ்டம் என்பார்கள். இரண்டாவது தடவையும் சொல்லட்டும், பார்க்கிறேன்.