முகமில்லாத கல்யாணம்

கேமராவோடு வந்த கையேட்டைப் படித்தே தொழில் கற்றவர் செஞ்சி அருளானந்தம். கல்யாண வீடியோ எடுப்பது அவருக்குப் பிழைப்பு. முகங்களை விட்டுக் கால்களை மட்டும் படமாக்குவது கலை. ஆறு ஆண்டுகளுக்கு முன், சிங்கவரம் ஷோபனாவின் கல்யாணத்தில் இரண்டும் கலந்துவிட்டன. தாலி கட்டும்போதும் கேமரா தரையையே பார்த்தது. அவள் எழுதிய புகார்க் கடிதத்தின் ஓரத்தில் "கலை புரியாதவர்" என்று குறித்து, தேதியிட்டுக் கோப்பில் சேர்த்தார்.

இப்போது சென்னைக் கலைக்கூடம் ஒன்று அந்தப் படத்தையே திரையிட விரும்பியது. மணப்பெண்ணின் ஒப்புதல் மட்டும் வேண்டுமாம். அருளானந்தம் படிவத்தை மூன்று பிரதி எடுத்துக்கொண்டு, பனமலையில் அவள் புகுந்த வீட்டுக்குப் போனார்.

"மூஞ்சியே இல்லாத வீடியோவுக்கு என் கையெழுத்து இன்னாத்துக்குண்ணா?" என்றாள் ஷோபனா. ஆனாலும் அவர் மடிக்கணினியில் ஓடவிட, சிரித்துக்கொண்டே பார்த்தாள். "வெடிச்ச குதிகால், இது நைனா. செருப்பைத் தேடுறது சித்தப்பா..."

சிரிப்பு சட்டென்று நின்றது. திரையில் மாமியாரின் கால், மருதாணியிட்ட மணப்பெண்ணின் காலை நன்றாக அழுத்தி மிதித்தது.

அருளானந்தம் அவசரமாகப் படத்தை நிறுத்தினார். "வேணாம்னா அதை வெட்டிடுறேம்மா."

"வெட்டுனா கையெழுத்து கிடையாது! மிதிக்கவே இல்லன்னு ஆறு வருஷமா சாதிக்குது எங்க அத்தை. மெட்ராஸே பாக்கட்டும்!"

அருளானந்தம் அதை ஐந்தாம் நிபந்தனையாக எழுதிச் சேர்த்து, மூன்று பிரதிகளிலும் கையெழுத்து வாங்கினார்.