வலது மிதவையில் ஒரு தேசிக்காய்

கவலைப்படுவதற்குப் பட்டம் கொடுத்தால் எனக்கு முனைவர் பட்டமே கிடைக்கும். வேறு பட்டம் என்னிடம் இல்லை. எட்டாம் வகுப்போடு பள்ளிக்கூடம் நின்றுபோனது. ஊரில் அந்தப் போர் நாட்களில் விமானச் சத்தம் கேட்டால் பங்கர் என்ற பதுங்குகுழிக்குள் ஓடுகிறவர்கள் நாங்கள். அப்படிப்பட்டவள் ஐம்பத்திரண்டு வயதில் ஒரு விமானம் செய்தேன் என்றால் என் தம்பிமாரே நம்பவில்லை.

எல்லாம் நாடுவிட்டு வந்த இந்தக் குளிர்நாட்டில், வீட்டுக்குப் பக்கத்து மில்லிக்கன் நூலகத்தில் எடுத்த ஒரு படப் புத்தகத்தால் வந்தது. பழைய காலத்துப் பந்தயக் கடல் விமானங்கள். சக்கரத்துக்குப் பதிலாகக் காலில் இரண்டு தோணிகளைக் கட்டிக்கொண்டு நின்றன. கவலைக்காரிக்கு ஏற்ற விமானம் என்று பார்த்த உடனேயே நினைத்தேன். இயந்திரம் நின்றால் இறங்க இடம் தேட வேண்டாம், கீழே ஏரி முழுக்க இடம்தானே.

எழுத்துக் கூட்டிக் கூட்டி வாசித்தேன். ஒரு பிரெஞ்சுப் பணக்காரர் கோப்பை ஒன்றை வைத்துத் தொடங்கிய போட்டியாம். பிறகு இங்கிலாந்து, இத்தாலி, அமெரிக்கா என்று நாடுகளே மானப் பிரச்சினையாக எடுத்து மோதிக்கொண்டன. வேகமாகப் பறக்கச் செட்டை, அதுதான் இறக்கை, சிறிதாக இருக்க வேண்டும். சின்னச் செட்டை எழும்ப நீண்ட ஓட்டம் வேண்டும். அவ்வளவு நீளமான ஓடுபாதை அப்போது எங்கே இருந்தது? தண்ணீர்தான் இருந்தது. அதனால் கொஞ்சக் காலம் உலகத்திலேயே வேகமான விமானங்கள் இந்தத் தோணிக்கால் விமானங்கள்தான். காற்றுக்குக் குறுக்கே நின்றதை எல்லாம் ஒவ்வொன்றாகக் கழற்றினார்கள். இரண்டடுக்குச் செட்டை ஓரடுக்கானது. துருத்திக்கொண்டு நின்ற ரேடியேட்டரைத் தூக்கிவிட்டு, இயந்திரத்தில் கொதித்த தண்ணீரைச் செட்டையின் தோலுக்குள்ளேயே ஓடவிட்டு ஆற்றினார்கள். பின்னால் வந்த போர் விமானங்களின் ஒடிசலான உடம்பும் பலமான இயந்திரமும் இந்தப் பைத்தியக்காரத்தனத்தில் படித்த பாடங்களாம்.

பதினொரு வருடமாகத் தொழிற்சாலையில் விமானப் பாகங்களின் பிசிறுகளை அரத்தால் தேய்த்து எடுப்பதுதான் என் வேலை. அந்தப் புத்தகத்துக்குப் பிறகு என் அரத்தின் மேல் எனக்கே ஒரு மரியாதை வந்துவிட்டது.

வாயை வைத்துக்கொண்டு சும்மா இராமல் இதை மச்சாளிடம் சொன்னேன். மச்சாள் என் கணவரின் தங்கை; அவளும் என்னை மச்சாள் என்றுதான் கூப்பிடுவாள். பள்ளிக்கூட பஸ் ஓட்டுகிறவள், பயம் என்றால் என்ன விலை என்று கேட்பாள். ஒரு கிழமைக்குள், விட்பி நகரத்துக்கு அந்தப் பக்கம் ஒரு குளத்தில், ரிமோட்டால் ஓட்டும் சின்ன மாதிரிக் கடல் விமானங்களுக்குக் கோடைப் பந்தயம் நடக்கிறது என்று கண்டுபிடித்து, புதியவர்கள் பிரிவில் இரண்டு பேரின் பெயரையும் பதிந்துவிட்டாள். குளிர்காலம் முழுவதும் எங்கள் வீட்டின் நிலக்கீழ் அறையான பேஸ்மென்டில் மரம் சீவினோம், பசை பூசினோம். நான் தேய்த்தேன், தேய்த்தேன், தேய்த்துக்கொண்டே இருந்தேன். அவ்வளவு சந்தோஷமாக நான் எங்கேயும் இருந்ததில்லை.

கணவருக்கு அந்த பேஸ்மென்டை வாடகைக்கு விட வேண்டும். யாரோ ஒரு பெடியனைக் கூட்டி வந்து காட்டியும்விட்டார். மச்சாள் சண்டைக்குப் போக, கடைசியில் ஓர் ஒப்பந்தம் வந்தது. விமானம் பந்தயத்தில் மூன்று சுற்றும் முடித்து முழுசாகத் திரும்பினால் பேஸ்மென்ட் எங்களுக்கு. முடிக்காவிட்டாலோ தண்ணீரில் மூழ்கினாலோ பெடியனுக்கு. அன்றிலிருந்து எனக்கு நித்திரை இல்லை.

பந்தயத்துக்கு முதல் ஞாயிறு அந்தக் குளத்துக்கு ஒத்திகைக்குப் போனோம். புது வாகனம் என்றால் சக்கரத்தின் கீழே தேசிக்காய், அதுதான் எலுமிச்சை, வைக்காமல் எடுப்பதுண்டா? மச்சாள் நாலு தேசிக்காயோடு வந்திருந்தாள். எதன் கீழே வைப்பது? சக்கரம் இல்லையே. சந்தனப் பொட்டை மூக்கில் மட்டும் வைக்கவிட்டேன். செட்டையில் வைக்கப் போன கையைத் தட்டிவிட்டேன், எத்தனை மாதம் தேய்த்த செட்டை அது. தேசிக்காய்க்கு ஒரு வழி தோன்றியது. தோணிக் கால்களான மிதவைகளில், உள்ளே புகும் தண்ணீரைத் துடைப்பதற்கென்று சின்ன மூடி வைத்திருந்தோம். இடது மிதவை நான் ஒட்டியது, அதனால் அதன் மேல்தான் எனக்குச் சந்தேகம். காவலுக்கு ஒரு தேசிக்காயை அதற்குள் வைத்து மூடினேன்.

விமானம் எழும்பவில்லை. விசையைக் கூட்டக் கூட்ட இடப்பக்கம் சரிந்து, கோயில் வீதியைச் சுற்றுவதுபோலக் குளத்தைச் சுற்றியது. மச்சாள் சிரித்துச் சிரித்துப் புல்லில் குந்திவிட்டாள்.

பந்தயம் நடத்தும் சங்கத்து வெள்ளைக்காரக் கிழவர் ஒருவர் வந்து மூடியைத் திறந்து பார்த்தார். தேசிக்காயைக் கையில் எடுத்து நிறை பார்த்தார். பிறகு விளங்கப்படுத்தினார். மூக்கு விசிறி ஒரு பக்கம் சுழல, உடம்பு மறுபக்கம் புரளப் பார்க்குமாம். எங்களுடையது இடது மிதவையை அமுக்குகிறது. அந்தப் பழைய பந்தய விமானங்களுக்கும் இதே வருத்தம் இருந்ததாம். அதற்காக வலது மிதவையில் எரிபொருளைக் கூட ஊற்றிப் பாரத்தைச் சரிசெய்தார்களாம். சொல்லிவிட்டு, தேசிக்காயை மிகுந்த மரியாதையோடு வலது மிதவைக்குள் வைத்து மூடினார்.

அடுத்த ஓட்டத்தில் விமானம் கோடு கீறினாற்போல ஓடி எழும்பியது. நான் அழுதேனா சிரித்தேனா என்று எனக்கே தெரியாது.

பந்தய நாளில் கணவரும் வந்தார், இருந்து பார்க்க ஒரு மடக்குக் கதிரையோடு. ரிமோட்டை மச்சாள் பிடிப்பதாகத்தான் பேச்சு. கடைசி நிமிடத்தில் அதை என் கையில் திணித்தாள்.

"எனக்குக் கை நடுங்குது மச்சாள்," என்றேன்.

"உமக்கு எப்பவும்தானே நடுங்குது. பழகின கை. பிடியும்."

எழும்பியது. முதற் சுற்று. மற்றவர்களுடையவை முந்திப் போயின, போகட்டும். இரண்டாம் சுற்றில் ஒரு வாத்துக் கூட்டத்துக்கு மேலால் போனது, என் உயிர் வாத்துகளோடு கிடந்தது. மூன்றாம் சுற்றில் முடிவுக் கோடு தெரிந்ததும் காற்று ஒரு தள்ளுத் தள்ளியது. செட்டை சரிந்தது. முழுசாகத் திரும்ப வேண்டும் என்பதைத் தவிர எனக்கு வேறொன்றும் ஞாபகமில்லை. இறக்கிவிட்டேன். தண்ணீரில் பூப்போல இறங்கி, தோணிபோல ஓடிவந்து கோட்டைக் கடந்தது.

செல்லாது என்றார்கள் நடுவர்கள். பறந்துதான் கடக்க வேண்டுமாம்.

கணவர் கதிரையை மடக்கத் தொடங்கினார். கிழவர் சிரித்துக்கொண்டே என்னிடம் வந்தார். அந்தக் கோப்பையின் முதற் போட்டியில் வென்றவரும் இதே பிழையைத்தான் விட்டாராம். கோட்டுக்கு முன்னாலேயே இறங்கி, தண்ணீரில் ஓட்டி வந்து கடந்து, செல்லாது என்றதும் கோபித்துக்கொண்டாராம். பிறகு மறுபடி எழும்பிப் பறந்து கடந்து வென்றாராம். பாட்டரி மிச்சம் இருக்கிறதுதானே என்று கேட்டார்.

எவ்வளவு மிச்சம் என்று எனக்குத் தெரியாது. நடுக்குளத்தில் நின்றுபோனால்? கவிழ்ந்தால்?

"மச்சாள்," என்றாள் மச்சாள், முதன்முறையாகச் சத்தமில்லாமல். "இப்ப கரைக்கு எடுத்தால் அது முழுசா இருக்கும். ஆனால் பேஸ்மென்ட் இருக்காது."

விமானத்தைத் திருப்பினேன். கோட்டுக்குப் பின்னால் தூரமாகக் கொண்டுபோய், மூச்சைப் பிடித்து, விசையை முழுதும் தள்ளினேன். நீர் பிளந்தது. மிதவைகள் இரண்டும் நீரை விட்டன. ஒரு முழ உயரம்தான், அதற்கு மேல் ஏற்ற எனக்குத் துணிவில்லை. ஒரு முழ உயரத்திலேயே கோட்டைப் பறந்து கடந்தது. மிகக் கடைசியாக வந்தோம். நானும் மச்சாளும் கட்டிப்பிடித்துத் துள்ளியதில் அவளுடைய ஒரு செருப்பு குளத்துக்குள் போய்விட்டது.

கணவர் மடக்கிய கதிரையைப் போட்டுவிட்டு வந்தார். விமானத்தைத் தானே தூக்கி, தண்ணீரைப் போட்டிருந்த சேட்டின் நுனியால் துடைத்தார். பிறகு தொலைபேசியை எடுத்து அந்தப் பெடியனைக் கூப்பிட்டார்.

"தம்பி, குறை நினையாதையும். அந்த பேஸ்மென்ட் இல்லை. ஓமோம், ஆள் வந்திட்டுது." எங்களைப் பார்த்தார். "ரெண்டு பொம்பிளையளும் ஒரு பிளேனும்."