லூமிர் ஹாவெல்கா அனுப்பாத செய்தி

செக் நாட்டில் இருக்கும் எங்கள் லிடோவெல் ஊரில் லூமிர் ஹாவெல்காவுக்கு 'ஃப்ரிட்ஜ்' என்ற பட்டப்பெயர் பதினேழு வயதிலேயே வந்துவிட்டது. ஓலொமோட்ஸ் நகரத்தில் வட்டார இளைஞர் டென்னிஸ் இறுதி ஆட்டம். ஜெயித்து முடிக்க வேண்டிய புள்ளியில் அவர் அடித்த பந்து கோட்டின் மேலேயே விழுந்ததை வேலிக்கு வெளியே நின்றிருந்த அத்தனை பேரும் பார்த்தார்கள். எதிராளிப் பையன் கூசாமல் "வெளியே" என்று கை தூக்கினான், நடுவரும் தலையாட்டிவிட்டார். லூமிரின் அப்பா வேலிக் கம்பியைப் பிடித்து உலுக்கிக் கத்தினார். லூமிர் மட்டும் ஒன்றுமே நடக்காதது போலப் பின்கோட்டுக்குத் திரும்பி, கால்சட்டைப் பையிலிருந்து இன்னொரு பந்தை எடுத்து சர்வ் போட்டார். அரை மணி நேரம் கழித்து அந்த ஆட்டத்தை ஜெயித்தபோதும் முகம் அப்படியேதான் இருந்தது.

எல்லோரும் அதை ஒரு வரம் என்றார்கள். லூமிரும் அப்படித்தான் நினைத்துக்கொண்டார்.

அந்தக் காலத்தில் நன்றாக ஆடும் பையன்களை ராணுவ விளையாட்டு அணியில் சேர்த்துக்கொள்வார்கள். சீருடை பெட்டிக்குள் கிடக்கும். பையன்கள் நாள் முழுக்கக் களத்தில் கிடப்பார்கள். லூமிர் அங்கே இருந்தபோதுதான் ஆட்சி மாறியது, எல்லை திறந்தது. பழைய ஆட்சியைப் போகச் சொல்லிப் பிராகில் லட்சம் பேர் சாவிக்கொத்துகளை ஆட்டிக்கொண்டு நின்ற வாரத்தில் அவர் மூடிய அரங்கத்துக்குள் பேக்ஹேண்ட் அடித்துக்கொண்டிருந்தார். அதன்பிறகு பழைய ஸ்கோடா கார் ஒன்றில் ராக்கெட்டுகளையும் அம்மா பொரித்துக் கொடுத்த பன்றிக் கட்லெட்டுகளையும் ஏற்றிக்கொண்டு ஐரோப்பா முழுக்கச் சுற்றினார். சின்னச் சின்னப் போட்டிகள். தோற்றால் காரில் தூக்கம், ஜெயித்தால் விடுதியில் தூக்கம். உலகத் தரவரிசையில் அவர் தொட்ட உச்சம் நூற்று எண்பத்தேழு. ஒரே ஒரு முறை பாரிஸில் தகுதிச் சுற்றைத் தாண்டிப் பெரிய களத்துக்குள் நுழைந்தார். ஒரு மணி நேரத்துக்குள் ஒரு ஸ்பெயின்காரர் அவரை வழியனுப்பிவைத்தார்.

அம்மா இறந்த செய்தி போர்ச்சுகலில் ஒரு விடுதி வரவேற்பறையில் துண்டுச் சீட்டாக வந்தது. லூமிர் அதைப் படித்தார், மடித்தார், மதியம் ஆட வேண்டிய ஆட்டத்தை ஆடினார், ஜெயித்தார். மறுநாள் தோற்றார். இரண்டரை நாள் காரோட்டி வந்து, வெள்ளிக்கிழமை தகன மண்டபத்துக்கு நேரத்துக்கு வந்து சேர்ந்துவிட்டார். சவப்பெட்டி மெல்லத் திரைக்குப் பின்னால் நகர்ந்தபோது, மறுநாள் கண்டிப்பாக அழுகை வரும் என்று காத்திருந்தார். வரவில்லை. அதிர்ச்சி, நாளாக ஆகச் சரியாகிவிடும் என்றார்கள் உறவினர்கள். வாரங்கள் போயின. கண்ணாடி முன்னால் சவரம் செய்யும்போது, அம்மா இல்லை, அம்மா இல்லை என்று வாய்விட்டுச் சொல்லிப் பார்த்தார். அடுத்த வீட்டுச் செய்தி மாதிரி இருந்தது.

முப்பத்திரண்டு வயதில் முழங்கை போயிற்று. ஆட்டத்தை விட்டுவிட்டு, ஊரிலேயே எங்கள் கிளப்பில் பயிற்சியாளர் ஆனார். ஆரம்பப் பள்ளி ஆசிரியை இவெட்டாவைக் கல்யாணம் செய்துகொண்டார். பதினோரு வருடம் சண்டையே இல்லாத குடித்தனம். ஒரு ஞாயிற்றுக்கிழமை மதியம், பூண்டு சூப் சாப்பிட்டுக்கொண்டிருந்தபோது இவெட்டா கரண்டியைக் கீழே வைத்தாள்.

"நான் போறேன்னு ரெண்டு வாரமா சொல்லிட்டிருக்கேன். நீ ஜெயிச்சாலும் தோத்தாலும் நான் இருந்தாலும் போனாலும் இதே முகத்தோட சூப் குடிப்ப. எனக்குப் பயமா இருக்கு லூமிர்."

அவள் பெட்டிகளை அவரே காரில் ஏற்றி, அவளுடைய அக்கா வீட்டில் கொண்டுபோய் இறக்கிவிட்டு வந்தார். கனமான பெட்டியை அவள் தூக்க விடவில்லை.

டீட்டா க்ரெய்சோவா வந்தது அதற்குப் பிறகு. பக்கத்து ஊர்ப் பெண், பதினாறு வயது, நெட்டையான உடம்பு, முன்கோபம். ராக்கெட்டைத் தரையில் அடித்து உடைப்பவள், தோற்றால் காரின் பின்சீட்டில் குப்புறப் படுத்து அழுபவள். அப்படிப்பட்டவளுக்கு ஃப்ரிட்ஜ்தான் சரி என்று அவள் அப்பா கொண்டுவந்து விட்டார். சரியாகத்தான் இருந்தது. பத்து வருடம் லூமிர் அவளோடு அலைந்தார். விமான நிலையங்களில் அவள் தூங்கும்போது பைகளைக் காத்தார். அவள் எந்த நேரத்தில் எதைச் சாப்பிட்டால் வயிறு கெடும், களைத்தால் எந்தக் கால் முதலில் இழுக்கும் என்பதெல்லாம் அவருக்குத் தெரியும். தரவரிசையில் அறுநூறிலிருந்து எண்பதுக்கு வந்தாள்.

போன வருடம் மே மாதம் டீட்டா மொராக்கோவிலிருந்து ஃபோன் செய்தாள். முதல் சுற்றிலேயே தோற்றிருந்தாள். முதுகுப் பிடிப்பு என்று லூமிர் அந்த ஒரு பயணத்துக்குப் போகாமல் ஊரில் இருந்தார்.

"கோச், நான் வேற ஆளைப் பார்த்துக்கறேன். உங்க மேல ஒரு குறையும் இல்ல. ஒவ்வொரு தடவையும் ஒரு பாயிண்ட் ஜெயிச்சா முதல்ல உங்க முகத்தைத்தான் பார்க்கறேன். அங்க ஒண்ணுமே இல்ல. பத்து வருஷமா ஒண்ணுமே இல்ல. இனிமே எனக்கு ஃபோன் பண்ணாதீங்க, சரியா? பேசினா மனசு மாறிடுவேன்."

"சரி. உன் ராக்கெட் மூணு என் கார்ல இருக்கு. நாளைக்கே அனுப்பி வைக்கறேன்" என்றார் லூமிர். அனுப்பியும் வைத்தார்.

கிளப்பில் யாரிடமும் சொல்லவில்லை. மறைக்க வேண்டும் என்றில்லை. யாரும் கேட்கவில்லை, அவரும் சொல்லவில்லை. பாரிஸ் போட்டி தொடங்கியபோது ஏன் போகவில்லை என்று கிளப் தலைவர் கேட்டதற்கு, இன்னும் முதுகு சரியாகவில்லை என்றார்.

டீட்டா முதல் சுற்றை ஜெயித்தாள். இரண்டாவதையும் ஜெயித்தாள். பாரிஸில் இரண்டாவது சுற்றை அவள் தாண்டியது அதுவே முதல் தடவை. மூன்றாவது சுற்றுக்குக் கிளப் கேன்டீனில் நாற்பது பேர் கூடிவிட்டார்கள். கேன்டீனை நடத்துகிறவள் விளாஸ்டா, லூமிரோடு ஒரே வகுப்பில் படித்தவள். பீரும் சுட்ட சாசேஜும், எங்கள் பக்கத்து நாற்றச் சீஸ்கட்டியும் தட்டுத் தட்டாகப் போய்க்கொண்டிருந்தன. வருகிறவர்கள் எல்லாம் லூமிரின் தோளில் தட்டினார்கள். இரண்டாவது செட்டில் கேமரா டீட்டாவின் ஆட்கள் உட்கார்ந்திருந்த பக்கம் திரும்பியது. தொப்பி போட்ட ஒரு நெட்டையன் எழுந்து நின்று கையை முறுக்கிக் கத்திக்கொண்டிருந்தான். டீட்டாவின் புதிய பயிற்சியாளர், அர்ஜென்டினாக்காரர், வந்து மூன்று வாரம்தான் ஆகிறது, அதற்குள் எப்படிப்பட்ட மாற்றம் பாருங்கள் என்றார் வர்ணனையாளர்.

 யாரும் லூமிரைப் பார்க்கவில்லை. கிளப் தலைவர் தன் பீரையே பார்த்துக்கொண்டிருந்தார்.

விளாஸ்டாதான் பேசினாள். "முதுகு வலின்னு சொன்னப்பவே நினைச்சேன். முதுகு வலிக்கறவன் எவனாவது நாலு கோர்ட்டுக்கும் தண்ணி விட்டு, மண்ணைச் சமமாக்க ஒத்தையா வலை இழுப்பானா?"

நாலைந்து பேர் சிரித்தார்கள். லூமிரும் உதட்டை அசைத்தார். டீட்டா ஜெயித்தாள். கைதட்டலாமா கூடாதா என்று தெரியாமல் பாதிப் பேர் தட்டினார்கள். லூமிர் தட்டினார்.

நான்காவது சுற்று, காலிறுதி. ஊரே தலைகால் புரியாமல் ஆடியது. மளிகைக் கடைக் கண்ணாடியில் டீட்டாவின் படம் ஒட்டினார்கள். வியாழக்கிழமை அரையிறுதியன்று கேன்டீனில் இடம் போதாமல் தலைவர் எங்கிருந்தோ ஒரு பெரிய திரையை இரவல் வாங்கிவந்து வெளியே மரத்தடியில் கட்டினார். லூமிர் வரமாட்டார் என்றுதான் எல்லோரும் எண்ணினார்கள். அவர் வழக்கம்போல இரண்டாம் கோர்ட்டைச் சீர்செய்துவிட்டு வந்து, கடைசி பெஞ்சில் உட்கார்ந்தார். விளாஸ்டா ஒரு பீரைக் கொண்டுவந்து வைத்துவிட்டுப் பக்கத்திலேயே உட்கார்ந்துகொண்டாள்.

முதல் செட் டீட்டாவுக்கு. இரண்டாவதில் நான்கு–இரண்டு என்று முன்னே இருந்தாள். அந்த இடத்தில் லூமிர் ஒன்றைக் கவனித்தார். சர்வ் போடும்போது பந்தைத் தூக்கிப் போடும் கை ஒரு சாண் இடப்பக்கம் சரிய ஆரம்பித்திருந்தது. வலது கால் களைத்தால் அவளுக்கு அப்படித்தான் ஆகும். மூன்று வருடம் முன்பு லின்ஸ் போட்டியில் ஆகியிருக்கிறது. பாதத்தை இரண்டு விரற்கடை முன்னே வைக்கச் சொன்னதும் சரியாயிற்று. வர்ணனையாளர் கவனிக்கவில்லை. தொப்பிக்காரனுக்கும் தெரியவில்லை, அவன் கையை முறுக்கிக்கொண்டிருந்தான். அவனுக்குப் பக்கத்தில் டீட்டாவோடு பயிற்சியில் ஆடும் பையன் கையில் ஃபோனோடு உட்கார்ந்திருந்தான். அவன் எண் லூமிரிடம் இருந்தது. இப்போதெல்லாம் பயிற்சியாளர் உட்காரும் இடத்திலிருந்து ஆட்டக்காரிக்கு ஒரு வார்த்தை சொல்லலாம், விதியில் இடம் உண்டு.

லூமிர் ஃபோனை எடுத்தார். 'பந்து இடது பக்கம் போகுது. பின்பாதத்தை ரெண்டு விரக்கடை முன்னால வைக்கச் சொல்லு' என்று அடித்தார். பிறகு ஃபோனை மேசைமேல் வைத்தார்.

நான்கு–மூன்று. இரண்டு சர்வும் தப்பி டபுள் ஃபால்ட். நான்கு–நான்கு. மரத்தடியில் ஒரே முனகல். ஃபோனின் திரை இருண்டது. லூமிர் விரலால் தொட்டு வெளிச்சம் வரவழைத்தார். வரி அப்படியே இருந்தது. மறுபடி இருண்டது. இரண்டாவது செட் போயிற்று. மூன்றாவது செட்டில் டீட்டா எட்டு டபுள் ஃபால்ட் போட்டாள். கடைசிப் பந்து வலையில் விழுந்ததும் நாற்காலியில் போய் உட்கார்ந்து துண்டால் முகத்தை மூடிக்கொண்டாள்.

ஆட்கள் கலைந்தபிறகு விளாஸ்டா கண்ணாடிக் குவளைகளை அடுக்கிக்கொண்டே கேட்டாள்.

"அனுப்பலையா?"

"இல்ல."

"பழி வாங்கினியா? வாங்கியிருந்தா சொல்லு, நான் யார்கிட்டயும் சொல்லமாட்டேன்."

"இல்ல விளாஸ்டா."

"அப்புறம் ஏன்?"

லூமிர் உண்மையாகவே யோசித்தார். யோசித்துவிட்டு, தெரியவில்லை என்றார்.  அவள் குவளைகளைத் தூக்கிக்கொண்டு உள்ளே போனாள். அதற்குப் பிறகு இரண்டு வாரம் அவரிடம் பேசவில்லை.

ஜூலையில் நகரமன்றத்தில் டீட்டாவுக்கு வரவேற்பு. லூமிருக்கும் அழைப்பிதழ் வந்தது. சட்டையை இஸ்திரி போட்டுக்கொண்டு போனார். மேயர் பேசினார், கிளப் தலைவர் பேசினார். கூட்டம் தின்பண்ட மேசைப் பக்கம் நகர்ந்ததும் டீட்டா நேராக அவரிடம் வந்தாள். கை கொடுத்தாள்.

"கோச், வீட்டுக்கு வந்து அந்த மேட்சை நாலு தடவை போட்டுப் பார்த்தேன். பந்து இடது பக்கம் போயிருக்கு. ரெண்டாவது செட்லயே போயிருக்கு."

"நாலு–ரெண்டுல."

"அப்போ பார்த்தீங்க."

"பார்த்தேன்."

டீட்டாவின் கழுத்து சிவந்தது. "பத்து வருஷமா நான் கேக்காததெல்லாம் சொன்னீங்க. அந்த ஒரு நாள் வாயை மூடிட்டீங்க. ஃபோன் பண்ணாதீங்கன்னு நான் சொன்னதாலயா?"

ஆமாம் என்று சொல்லியிருக்கலாம். சொன்னால் முடிந்திருக்கும். லூமிர் அப்படிச் சொல்லவில்லை.

"அதனால இல்ல. எழுதி வெச்சேன். அனுப்பறதுக்குக் கை போகல. கோபம்னு நினைக்காதே. கோபம் வரும்னு நானும்தான் பார்த்துட்டிருந்தேன். வரல."

அவள் என்ன எதிர்பார்த்தாள் என்று அவருக்குத் தெரியவில்லை. கத்துவாள் என்று நினைத்தார், கத்துகிற பெண்தான். அவள் கத்தவில்லை. மேசையிலிருந்து முட்டையும் வெள்ளரி ஊறுகாயும் வைத்த ஒரு ரொட்டித் துண்டை எடுத்தாள், கடிக்காமல் கையிலேயே வைத்திருந்தாள்.

"எனக்கு உங்க மேல கோபம் இருக்கு. ரொம்ப இருக்கு" என்றாள் மெதுவாக. "உங்களுக்கும் சேர்த்து நானே பட்டுக்கறேன், விடுங்க."

மேயரின் மனைவி படம் எடுக்கக் கூப்பிட்டாள். டீட்டா போய்விட்டாள். லூமிர் ஒரு காபி குடித்துவிட்டு நடந்தே வீட்டுக்கு வந்தார். வழியில் ஆற்றுப் பாலத்தில் கொஞ்ச நேரம் நின்றார். தண்ணீர் குறைவாக இருந்தது.

டீட்டா அந்த அர்ஜென்டினாக்காரரோடுதான் இன்னும் இருக்கிறாள். இலையுதிர் காலத்தில் முப்பத்தொன்றாவது இடத்துக்கு வந்தாள். லூமிருக்குப் பிராகிலிருந்தும் ஆஸ்திரியாவிலிருந்தும் ஒன்றிரண்டு அழைப்புகள் வந்தன, போகவில்லை. கிளப்பின் இரண்டாம் மகளிர் அணியை எடுத்துக்கொண்டார். ஒரு பல் மருத்துவர், இரண்டு மாணவிகள், ஒரு மருந்துக் கடைக்காரி, பிறகு தபால் அலுவலகத்தில் வேலை பார்க்கும் நாற்பத்தோரு வயது ஹெட்விகா. ஹெட்விகா ஏழு வருடமாக அணியில் இருக்கிறாள். லீக் ஆட்டம் ஒன்றுகூட ஜெயித்ததில்லை. ஆள் குறைந்தால்தான் அவளை இறக்குவார்கள்.

செப்டம்பரில் பக்கத்து ஊரான ஊனிட்சோவிலிருந்து அணி வந்தது. பல் மருத்துவருக்குக் காய்ச்சல். ஹெட்விகா இறங்கினாள். எதிரில் பதினைந்து வயதுப் பெண். இரண்டு மணி நேரம் நாற்பது நிமிடம் ஹெட்விகா எல்லாப் பந்தையும் உயரமாகத் தூக்கித் தூக்கித் திருப்பி அனுப்பிக்கொண்டே இருந்தாள். லூமிர் பெஞ்சில் உட்கார்ந்து ஒவ்வொரு இடைவேளையிலும் தண்ணீர் எடுத்துக் கொடுத்தார். "அதையே பண்ணு" என்பதைத் தவிர ஒன்றும் சொல்லவில்லை. கடைசியில் அந்தப் பெண் சலித்துப்போய் ஒரு பந்தை வேலிக்கு அடித்தாள்.

ஹெட்விகா முதலில் புரியாமல் நின்றாள். பிறகு ராக்கெட்டைப் போட்டுவிட்டு ஓடிவந்து லூமிரைக் கட்டிப்பிடித்துக்கொண்டு விக்கி விக்கி அழுதாள். லூமிரின் கைகள் இரண்டும் தொங்கிக்கொண்டிருந்தன. அடுத்த ஆட்டத்துக்காக இரண்டு பெண்கள் பையோடு வந்து ஓரமாகக் காத்து நின்றார்கள்.

"கோச், நான் ஜெயிச்சுட்டேனா?"

"ஜெயிச்சுட்ட" என்றார் லூமிர். "ஆறு–நாலு, மூணு–ஆறு, ஏழு–அஞ்சு."

அவள் மறுபடி அழ ஆரம்பித்தாள். அவர் நகரவில்லை. அவள் தானாக விடும்வரை நின்றார். பிறகு குனிந்து அவள் ராக்கெட்டை எடுத்து, அதில் ஒட்டியிருந்த செம்மண்ணைத் தன் கால்சட்டையில் தட்டிவிட்டு, அவள் கையில் கொடுத்தார். அடுத்த ஆட்டத்துக்குக் கோடுகளைத் துடைக்க வேண்டியிருந்தது. துடைப்பத்தை எடுத்துக்கொண்டு அந்தக் கோடியிலிருந்து ஆரம்பித்தார்.